பைலகுப்பே திபெத்தியர்கள்: எப்படி வந்தார்கள், ஏன் கிளம்புகிறார்கள்?

கேள்வி இதுதான்: கூர்க் போகும் வழியில் பைலகுப்பே தங்கக் கோயிலைப் பார்த்திருக்கிறீர்கள். பனிமலை மக்கள் கர்நாடகத்து மக்காச்சோளக் காட்டுக்கு எப்படி வந்தார்கள், இவர்கள் இந்தியக் குடிமக்களா, கோயில் முழுக்கத் துறவிகள் இருக்கும்போது ஆட்டோக்காரர் "பாதி வீடு பூட்டிக் கிடக்கு" என்கிறாரே, எது உண்மை என்று கேட்கிறீர்கள்.

பாதி என்பது ஆட்டோக்காரரின் கணக்கு. மற்றபடி நீங்கள் பார்த்ததும் அவர் சொன்னதும் இரண்டுமே உண்மை. மடங்கள் நிரம்பியிருக்கின்றன, குடும்பங்கள் குறைந்துகொண்டே வருகின்றன. சுற்றுலாப் பயணிக்கு முதலாவது மட்டும்தான் கண்ணில் படும்.

முதலில் வந்த கதை. 1950 அக்டோபரில் சீனப் படை கிழக்குத் திபெத்தின் சாம்டோவைப் பிடித்தது. அடுத்த ஆண்டு மே மாதம் பதினேழு அம்ச ஒப்பந்தம் கையெழுத்தானது. திபெத்தின் பழைய அமைப்பை அப்படியே விட்டுவைப்போம் என்றது அந்த ஒப்பந்தம். திபெத்தின் கிழக்கிலுள்ள காம், ஆம்டோ பகுதிகளில் அது நடக்கவில்லை. நிலத்தையும் மடங்களையும் கைவைத்தபோது அங்கே கலகம் வெடித்தது. ஊரை விட்டு ஓடிவந்தவர்கள் லாசாவில் குவிந்தார்கள். 1959 மார்ச் 10 அன்று, தலாய் லாமாவைச் சீனர்கள் கடத்திவிடுவார்கள் என்ற பயத்தில் லாசா மக்கள் நோர்புலிங்கா அரண்மனையைச் சூழ்ந்து நின்றார்கள். 17ஆம் தேதி இரவு அவர் சாதாரணப் படைவீரன் உடையில் வெளியேறினார். இரண்டு வாரம் மலையில் நடந்தும் குதிரையிலுமாக 31ஆம் தேதி இந்திய எல்லையைத் தாண்டினார். அவருக்குப் பின்னால் ஏறத்தாழ 80,000 பேர் வந்தார்கள்.

எல்லை தாண்டியவுடன் கஷ்டம் தீர்ந்துவிடவில்லை. அசாமில் மிசாமாரி என்ற இடத்தில் மூங்கில் கொட்டகை போட்டு அவர்களைத் தங்கவைத்தார்கள். பதினோராயிரம், பன்னிரண்டாயிரம் அடி உயரத்தில் வாழ்ந்தவர்களுக்கு அசாமின் கோடை எப்படி இருந்திருக்கும்! கம்பளி உடையைத் தவிர வேறு துணி இல்லை, தண்ணீர் ஒத்துக்கொள்ளவில்லை, காசநோய் பரவியது. படிப்பைத் தொடர வேண்டும் என்று தேர்ந்தெடுத்த 1,500 துறவிகளை வங்காளத்தின் பக்சா கோட்டைக்கு அனுப்பினார்கள். வெள்ளைக்காரன் காலத்தில் சுதந்திரப் போராட்டக்காரர்களை அடைத்து வைத்த அதே இடம். அங்கேயும் காசநோய் பலரைக் கொண்டுபோனது. மற்றவர்களில் உடம்பில் வலு இருந்தவர்கள் சிக்கிமிலும் இமாசலத்திலும் சாலை போடும் வேலைக்குப் போனார்கள். காரணம் எளிது: அங்கே குளிர் இருந்தது, கூலியும் கிடைத்தது. கல் உடைக்கும் அப்பா அம்மாவோடு குழந்தைகள் கூடாரத்தில் கிடந்தார்கள். அந்தக் குழந்தைகளுக்காக 1960இல் தலாய் லாமாவின் அக்கா செரிங் டோல்மா தரம்சாலாவில் ஒரு காப்பகம் தொடங்கினார். அதுதான் பிறகு திபெத்தியக் குழந்தைகள் கிராமம் என்ற பெரிய பள்ளி அமைப்பாக வளர்ந்தது.

சாலை வேலையை வைத்துக்கொண்டு ஒரு இனம் பிழைக்க முடியாது. சிதறிப்போனால் மொழி போய்விடும், மொழி போனால் மதமும் போகும் என்று தலாய் லாமா நினைத்தார். கூட்டமாக ஒரே இடத்தில் குடியேற நிலம் வேண்டும் என்று கேட்டார். நேரு மாநில முதல்வர்களுக்குக் கடிதம் எழுதினார். மலை மாநிலங்களில் அவ்வளவு நிலம் ஏது? அன்றைய மைசூர் மாநிலம்தான், அதாவது இன்றைய கர்நாடகம்தான், பெரிதாகக் கை கொடுத்தது. பிரியாபட்டணா தாலுகாவில், பைலகுப்பே அருகே சுமார் 3,000 ஏக்கர் காட்டு நிலம் கிடைத்தது. 1960 முடியும்போது முதல் கூட்டம் வந்து இறங்கியது. உங்கள் முதல் கேள்விக்கு விடை இவ்வளவுதான்: யாரும் வெயிலைத் தேடி வரவில்லை, நிலம் இருந்த இடத்துக்கு வந்தார்கள்.

ஆனால் 'நிலம்' என்று காகிதத்தில் இருந்தது நிஜத்தில் காடு. மரம் வெட்டி, புதர் எரித்து, வேர் தோண்டி எடுத்துத்தான் வயலாக்கினார்கள். வாற்கோதுமையும் யாக் மாடும் தெரிந்த கைகளுக்கு இந்த மண்ணும் பருவமழையும் புதுசு. விளைந்ததை யானை வந்து மேய்ந்துவிட்டுப் போகும். கடைசியில் மக்காச்சோளம் கைகொடுத்தது. ஐந்து பேர் கொண்ட குடும்பத்துக்கு ஐந்து ஏக்கர் என்று பிரித்துக்கொண்டார்கள். கூட்டுறவுச் சங்கம் வைத்து டிராக்டர், மாவு மில் என்று நடத்தினார்கள். இன்று கிராம வளர்ச்சியில் பெயர்பெற்ற 'மைராடா' அமைப்பு 1968இல் தொடங்கியதே இந்தத் திபெத்தியர் குடியேற்றத்துக்கு உதவத்தான். பலருக்கு இது தெரியாது.

பைலகுப்பே ஓரளவு நின்றதும் கர்நாடகத்தில் இன்னும் சில குடியிருப்புகள் வந்தன. முண்ட்கோட் 1966இல், பைலகுப்பேயிலேயே இரண்டாவது குடியிருப்பு 1969இல், அப்புறம் ஹுன்சூர், கொள்ளேகால். கடைசியாகச் சொன்னது தமிழ்நாட்டு எல்லைக்கு அருகில் இருக்கிறது. சத்தியமங்கலத்திலிருந்து ஹாசனூர் வழியாகக் கொள்ளேகால் போனால் ஒடெயரபாளையா பக்கம் பிரார்த்தனைக் கொடிகள் கண்ணில் படும்.

மக்காச்சோளம் வயிற்றுக்குப் போதும், பிள்ளைகள் படிப்புக்குப் போதாது. அதற்கு வந்தது ஸ்வெட்டர் வியாபாரம். அறுவடை முடிந்ததும் லூதியானாவுக்குப் போய்க் கம்பளி ஆடைகளைப் பெரும்பாலும் கடனுக்கு எடுத்துக்கொண்டு, அக்டோபரிலிருந்து ஜனவரி வரை இந்திய நகரங்களின் நடைபாதையில் கடை போடுவார்கள். சென்னையிலும் ஊட்டியிலும் நீங்கள் பார்த்திருப்பீர்கள். விற்ற காசில் லூதியானா கடனை அடைத்துவிட்டு, லோசார் புத்தாண்டுக்கு ஊர் திரும்புவார்கள். தலைமுறைக் கணக்கில் நாணயம் தவறாததால்தான் இவ்வளவு கடன் கிடைக்கிறது என்று லூதியானாக்காரர்களே சொல்வதுண்டு.

இனி கோயில். நீங்கள் பார்த்த தங்கக் கோயில் நம்த்ரோலிங் மடத்தைச் சேர்ந்தது. பெனோர் ரின்போச்சே என்ற திபெத்திய குரு 1963இல் மூங்கில் கொட்டகையாக ஆரம்பித்தது. இப்போதுள்ள பெரிய கோயில் 1999இல் திறக்கப்பட்டது. நடுவில் 60 அடிப் புத்தர், இரு பக்கமும் குரு பத்மசம்பவரும், நீண்ட ஆயுளின் புத்தரான அமிதாயுஸும். இதை "தலாய் லாமா கோயில்" என்று வழிகாட்டிகள் சொல்வது தவறு. தலாய் லாமா கெலுக் மரபில் வந்தவர், நம்த்ரோலிங் நியிங்மா மரபு. எட்டாம் நூற்றாண்டில் பத்மசம்பவர் திபெத்துக்குப் போனதிலிருந்து கணக்கு வைக்கும் மிகப் பழைய பிரிவு அது. இவற்றோடு காக்யு, சாக்யா என்று மொத்தம் நான்கு பௌத்தப் பிரிவுகள். பௌத்தத்துக்கு முந்தைய வேர் தனக்கு உண்டு என்று சொல்லும் போன் மரபு தனி.

என்னைக் கேட்டால் தங்கக் கோயிலுக்கு அரை மணி நேரம் போதும். மிச்ச நேரத்தை அங்கிருந்து சில கிலோமீட்டர் தள்ளியுள்ள செரா மடத்துக்குக் கொடுங்கள். 1419இல் லாசாவுக்கு வெளியே நிறுவப்பட்ட பெரிய மடத்தின் பெயர் இது. பக்சாவில் உயிர் பிழைத்த துறவிகள் 1970 வாக்கில் இங்கே வந்து, முதலில் வயலில் உழைத்து, அப்புறம் மறுபடி கட்டியது. அதேபோல் லாசாவின் மற்ற இரண்டு பெருமடங்களான டிரேபுங்கும் காந்தெனும் முண்ட்கோட்டில் எழுந்தன.

செராவில் பார்க்க வேண்டியது வாதம். மாலையில் முற்றத்தில் நூற்றுக்கணக்கான துறவிகள் ஜோடி ஜோடியாக இருப்பார்கள். ஒருவர் தரையில் உட்கார்ந்திருப்பார், இன்னொருவர் எதிரே நிற்பார். நிற்பவர் கேள்வி கேட்பவர். வாசகத்தை வேகமாகச் சொல்லிக்கொண்டே வலக்கையைத் தலைக்கு மேல் தூக்கி, இடது காலை ஓங்கி மிதித்து, இடது உள்ளங்கையில் பட்டென்று அடிப்பார். முதல்முறை பார்ப்பவர்கள் சண்டை என்று நினைத்துக்கொள்வார்கள். உட்கார்ந்திருப்பவர் வாய்க்கு வந்ததைப் பேச முடியாது. அவருக்கு அனுமதிக்கப்பட்ட பதில்கள் நாலே நாலு: ஏற்கிறேன், ஏன், காரணம் நிலைபெறவில்லை, காரணத்துக்கும் முடிவுக்கும் தொடர்பு இல்லை. இந்த நாலுக்குள்ளேயே அவர் தன் நிலையைக் காப்பாற்ற வேண்டும். முன்னுக்குப் பின் முரணாக ஒப்புக்கொண்டுவிட்டால் கேட்பவர் கையைத் தட்டிக் கூவுவார், சுற்றி நிற்பவர்கள் சிரிப்பார்கள். தோற்றவரும் பெரும்பாலும் சிரித்துவிடுவார்.

விளையாட்டுபோல் தெரியும் இதற்குப் பின்னால் ஏறத்தாழ இருபது ஆண்டுப் பாடத்திட்டம் இருக்கிறது. அளவையியல் (தர்க்கம்), பிரஞ்ஞாபாரமிதை (மெய்ஞ்ஞான நூல்கள்), மத்தியமகம் (சூனியத் தத்துவம்), அபிதர்மம் (மனம், உலகம் பற்றிய பகுப்பாய்வு), வினயம் (துறவி ஒழுக்கம்) என ஐந்து துறை. முடித்தால் 'கெஷே' பட்டம். 2016 டிசம்பரில் முண்ட்கோட்டில் முதல்முறையாக 20 பிக்குணிகள் இதே பட்டத்தைப் பெற்றார்கள். பிக்குணிகளுக்கு இந்தப் படிப்பின் கதவு முழுதாகத் திறக்க இவ்வளவு காலம் எடுத்தது என்பதையும் சொல்லியாக வேண்டும். அளவையியலுக்கு அவர்கள் வைத்திருக்கும் மூலம் இந்தியப் பௌத்த அறிஞர் தர்மகீர்த்தியின் நூல், அவருக்கு முன்னோடி திக்நாகர். திக்நாகர் காஞ்சிபுரம் பக்கத்தில் பிறந்தவர் என்பது திபெத்திய வரலாற்றாசிரியர்களே சொல்லும் மரபு. மணிமேகலையின் 29ஆம் காதையில் பக்கம் (நிறுவ வேண்டிய கருத்து), ஏது (காரணம்), திட்டாந்தம் (எடுத்துக்காட்டு) என்று அடுக்கிக்கொண்டு போகும் பகுதியைப் படித்துத் திணறியவர்கள் உண்டல்லவா? அந்த வகைத் தர்க்கத்தைத்தான் செரா முற்றத்தில் பையன்கள் கைதட்டிக் கத்திக் கேட்கிறார்கள். நம் ஊரில் அது ஏட்டோடு நின்றுவிட்டது.

சரி, குடியுரிமை. இங்கேதான் விஷயம் சிக்கலாகிறது.

1951 அகதிகள் உடன்படிக்கையில் இந்தியா கையெழுத்திடவில்லை. எனவே சட்டப்படி திபெத்தியர் வெளிநாட்டவர். ஆர்.சி. எனப்படும் பதிவுச் சான்றிதழை வாங்கி, குறிப்பிட்ட காலத்துக்கு ஒருமுறை புதுப்பித்துக்கொண்டே இருக்க வேண்டும். வெளிநாடு போக பாஸ்போர்ட்டுக்குப் பதில் மஞ்சள் நிறத்தில் ஐ.சி. என்ற அடையாளச் சான்று. பல நாட்டு விமான நிலையங்களில் அதை நீட்டினால் அதிகாரி அதைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பார். பைலகுப்பே நிலம் அவர்களுடைய சொத்தில்லை, அரசு குத்தகைக்குக் கொடுத்தது. வீட்டை விற்று வேறு ஊரில் வாங்குவது போன்ற காரியங்கள் சாதாரணமாக நடக்காது. அரசு வேலையும் பெரும்பாலும் எட்டாது.

ஆனால் 1955 குடியுரிமைச் சட்டத்தில் ஒரு விதி இருக்கிறது. 1950 ஜனவரி 26 முதல் 1987 ஜூலை 1க்கு முன்பு வரை இந்திய மண்ணில் பிறந்தவர், பெற்றோர் யாராக இருந்தாலும், பிறப்பாலேயே இந்தியக் குடிமகன். இதன்படி பைலகுப்பேயில் பிறந்த நடுத்தர வயதுக்காரர்கள் எல்லாம் இந்தியர்கள்தான். அதிகாரிகள் நீண்ட நாள் இதை ஏற்கவில்லை. நம்கியால் டோல்கர் என்ற பெண் வழக்குப் போட்டு, 2010 டிசம்பரில் டெல்லி உயர் நீதிமன்றத்தில் வென்றார். 2014இல் இப்படிப் பிறந்தவர்களை வாக்காளர் பட்டியலில் சேர்க்கலாம் என்று தேர்தல் ஆணையம் சொன்னது. 2017இல் பாஸ்போர்ட் தரவும் வெளியுறவு அமைச்சகம் இணங்கியது. அதோடு ஆர்.சி.யை ஒப்படை, குடியிருப்பை விட்டுப் போ, அகதிச் சலுகை கேட்காதே என்ற நிபந்தனைகளும் வந்தன. பாஸ்போர்ட் வேண்டுமென்றால் அப்பா அம்மா இருக்கும் வீட்டை விடு என்றால் யார் வரிசையில் நிற்பார்கள்?

1987க்குப் பிறகு பிறந்தவர்களுக்கு அந்த வழியும் இல்லை. 2019 குடியுரிமைத் திருத்தச் சட்டம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் மூன்றோடு நின்றுவிட்டது. திபெத்தும் அதில் இல்லை, இலங்கையும் இல்லை. மண்டபம் முகாமில் 1986இல் பிறந்த ஒரு பெண்ணுக்கு பாஸ்போர்ட் வழங்கும்படி 2022இல் சென்னை உயர் நீதிமன்ற மதுரைக் கிளை சொன்னதும் மேலே சொன்ன அதே 1987 விதியை வைத்துத்தான். இரண்டு அகதிக் கூட்டங்களுக்கும் சட்டம் ஒன்று. திபெத்தியருக்கு நிலமும் தனிப் பள்ளிகளும் ஆரம்பத்திலேயே கிடைத்தன, ஈழத்தவருக்கு முகாம் மட்டும் கிடைத்தது. இந்த வேறுபாட்டைப் பற்றி நாம் இன்னும் கொஞ்சம் பேசியிருக்கலாம்.

சரி, கேட்டால் கிடைக்கும் என்றாலும் எல்லோரும் குடியுரிமை கேட்பார்களா என்றால், அதுவும் இல்லை. திரும்பிப் போகும் உரிமையை விட்டுக்கொடுத்தது போலாகிவிடும் என்று நினைக்கும் பெரியவர்கள் நிறையப் பேர். திபெத்தியர்களுக்கென்று தனியாக ஒரு குடியுரிமைப் புத்தகம் இருக்கிறது, பச்சை அட்டை போட்டது. ஆண்டுதோறும் 'சாத்ரெல்' என்ற சிறு தொகையைத் தரம்சாலாவிலிருந்து இயங்கும் நாடுகடந்த திபெத்திய நிர்வாகத்துக்குக் கட்டி அதில் பதிந்துகொள்வார்கள். எந்த நாடும் அங்கீகரிக்காத அரசுக்கு மக்கள் தாங்களாகவே வரி கட்டுகிறார்கள். அந்தப் புத்தகம் இருந்தால்தான் அவர்கள் தேர்தலில் ஓட்டு. 45 பேர் கொண்ட நாடாளுமன்றம், மூன்று பாரம்பரிய மாகாணங்களுக்கும் ஐந்து மதப் பிரிவுகளுக்கும் இடங்கள், 2011இல் தலாய் லாமா அரசியல் அதிகாரத்தை முழுதாக விட்டுக்கொடுத்த பிறகு 'சிக்யோங்' என்ற தேர்ந்தெடுத்த தலைவர். 2021இல் அந்தப் பதவிக்கு வந்த பென்பா செரிங் பைலகுப்பேயில் பிறந்தவர், படித்தது தாம்பரத்தில் சென்னைக் கிறித்தவக் கல்லூரியில்.

பூட்டிய வீடுகளுக்கு இப்போது வருவோம். காரணம் வறுமை என்று நினைத்தால் தப்பு. பள்ளிகள் நன்றாக நடந்தன, பிள்ளைகள் ஆங்கிலமும் இந்தியும் பேசினார்கள், பெண்கள் நிறையப் பேர் நர்சிங் படித்தார்கள். படித்த பிள்ளைக்கு ஐந்து ஏக்கர் மக்காச்சோளம் எதற்கு? முதலில் பெங்களூர், அப்புறம் வெளிநாடு. 1990இல் அமெரிக்கா இந்தியாவிலும் நேபாளத்திலும் இருந்த திபெத்தியருக்கு 1,000 விசா ஒதுக்கியது. அந்த ஆயிரம் பேர் குடும்பத்தை அழைத்தார்கள், குடும்பம் உறவை அழைத்தது. நியூயார்க்கின் ஜாக்சன் ஹைட்ஸிலும் டொரோண்டோவின் பார்க்டேலிலும் இன்று மோமோ கடை வரிசையே இருக்கிறது. 2009இல் தரம்சாலா நிர்வாகம் எடுத்த கணக்கில் இந்தியாவில் 94,203 திபெத்தியர் இருந்தார்கள். அதன்பின் எண்ணிக்கை இறங்குமுகம்தான்.

போகிறவர்கள் ஒரு பக்கம் என்றால், வருகிறவர்கள் நின்றுபோனது இன்னொரு பக்கம். முன்பெல்லாம் ஆண்டுக்கு இரண்டாயிரம் பேருக்கு மேல் இமயத்தைத் தாண்டி நேபாளம் வழியாக வந்துகொண்டிருந்தார்கள். 2008இல் திபெத்தில் நடந்த போராட்டங்களுக்குப் பிறகு சீனா எல்லையை இறுக்கியது. இப்போது வருவது விரல்விட்டு எண்ணும் அளவுதான். நேபாளத்தில் ஏற்கெனவே இருப்பவர்கள் பாடு இன்னும் மோசம். அங்கே 1990களின் நடுவிலிருந்து புதிதாக அகதி அட்டையே தருவதில்லை.

அப்படியானால் மடங்களில் அத்தனை சிறு பையன்கள் யார்? லடாக், ஸ்பிதி, கின்னௌர், தவாங், நேபாளத்தின் மலை ஊர்கள் என்று இமயமலைப் பௌத்தக் குடும்பங்களின் பிள்ளைகள் நிறைய. இவர்களில் பலர் பிறப்பால் இந்தியக் குடிமக்கள். திபெத்திய மரபை இனி தூக்கிச் சுமக்கப்போவது திபெத்தியரல்லாத இவர்களாகவும் இருக்கலாம். இது நல்லதா கெட்டதா என்று மடத்தில் கேட்டால் ஆளுக்கு ஒரு பதில் வரும். எனக்கு இதில் வருத்தப்பட ஒன்றும் தெரியவில்லை. நாளந்தாவிலிருந்து போன படிப்புதானே, கைமாறியே வளர்ந்தது. வருத்தம் வீடுகளைப் பற்றித்தான். மடத்தில் தர்க்கம் பிழைக்கும். வீட்டில் பேசும் பேச்சு, பாட்டியை 'மோ-லா' என்று கூப்பிட்டுச் செய்யும் குறும்பு, சமையல், இதெல்லாம் குடும்பம் இருந்தால்தான் நடக்கும்.

ஒரு உதாரணம். புத்தாண்டுக்கு முன்னால், கடைசி மாதத்தின் 29ஆம் நாள் இரவு வீட்டில் 'குதுக்' என்ற சூப் வைப்பார்கள். ஒன்பது பொருள் போட்டது. அதில் ஆளுக்கு ஒரு பெரிய மாவு உருண்டை. உருண்டையைப் பிட்டால் உள்ளே ஏதாவது இருக்கும். கரி வந்தால் மனசு கறுப்பு, மிளகாய் வந்தால் வாயாடி, உப்பு வந்தால் சோம்பேறி, கம்பளி நூல் வந்தால் இளகிய மனசு. யாருக்கு எது வரவேண்டும் என்று உருட்டுகிறவர் வேண்டுமென்றே செய்வதும் உண்டு. இந்தக் கூத்துக்கு ஆறேழு பேராவது வேண்டும். வயதான இருவர் மட்டும் இருக்கும் வீட்டில் குதுக் வைத்தால் யாரைப் பார்த்துச் சிரிப்பது? டொரோண்டோவிலிருந்து பிள்ளைகள் வீடியோ அழைப்பில் வருகிறார்கள்.

தலாய் லாமாவுக்குப் பிறகு என்ன ஆகும் என்பதை நீங்கள் கேட்கவில்லை, ஆனால் அங்கே எல்லோர் மனதிலும் அதுதான் ஓடுகிறது. 2025 ஜூலையில் 90 வயது நிறைவதற்குச் சில நாள் முன்பு, இந்தப் பதவி தொடரும், மறுபிறவியை அடையாளம் காணும் அதிகாரம் தம் காதென் போட்ராங் அறக்கட்டளைக்கு மட்டுமே என்று அவர் அறிவித்தார். சீனா அதை ஏற்கவில்லை. 1995இல் தலாய் லாமா, கெலுக் மரபில் தமக்கு அடுத்த பெரிய லாமாவான பஞ்சன் லாமாவாக அறிவித்த ஆறு வயதுப் பையனைச் சீனா கொண்டுபோனது. அந்தப் பையனை அதன்பின் வெளியுலகம் பார்க்கவே இல்லை. இரண்டு தலாய் லாமாக்கள் அறிவிக்கப்படும் நாள் வந்தால், பைலகுப்பே போன்ற ஊர்களின் மடங்கள் யாரை ஏற்கின்றன என்பதற்குப் பெரிய எடை இருக்கும்.

அடுத்த முறை போனால் சில விஷயங்கள். குஷால்நகரிலிருந்து ஷேர் ஆட்டோ கிடைக்கும். செராவின் வாதம் தினமும் நடக்கும் என்று சொல்ல முடியாது, விடுமுறையும் தேர்வுக் காலமும் உண்டு, வாயிலில் கேட்டுக்கொள்ளுங்கள். கோயிலை இடமிருந்து வலமாகச் சுற்றுங்கள், துறவிகள் முகத்துக்கு நேராகக் கேமராவை நீட்டாதீர்கள். இந்தியர்களுக்கு அனுமதி எதுவும் தேவையில்லை. வெளிநாட்டு நண்பர் கூட வந்து இரவு தங்குவதாக இருந்தால் உள்துறை அமைச்சகத்தின் சிறப்பு அனுமதி வேண்டும், அதற்கு மாதக்கணக்கில் ஆகலாம், முன்கூட்டியே விண்ணப்பிக்கச் சொல்லுங்கள். 'கேம்ப்' என்று சொல்லும் திபெத்தியர் குடியிருப்புப் பக்கம் நடந்தால் வாசலில் உட்கார்ந்திருக்கும் பெரியவர்களிடம் கன்னடத்திலேயே பேசலாம், அறுபது ஆண்டாகச் சந்தைக்குப் போய் வந்தவர்கள், நம்மில் பலரைவிட நன்றாகவே பேசுவார்கள்.